பிறப்பே சாட்சியான சட்டம்

2024 ஜூலை 1-ஆம் தேதி இந்தியச் சாட்சியச் சட்டம் நீங்கி, அதன் இடத்துக்குப் பாரதிய சாக்ஷிய அதினியம் வந்தது. ஏறத்தாழ 152 ஆண்டுகள் நம் நீதிமன்றங்களை நடத்திய சட்டம் அது. அதற்கு விடைகொடுத்த வழக்கறிஞர்களின் பேச்சிலும் எழுத்திலும் அதை வரைந்தவரின் பெயர் மறுபடி மறுபடி வந்தது: சர் ஜேம்ஸ் ஃபிட்ஸ்ஜேம்ஸ் ஸ்டீபன். சட்டக் கல்லூரி மாணவர்களுக்கு அவரை மேதை என்றுதான் சொல்லிக்கொடுக்கிறோம். வெள்ளைக்காரன் நம்மிடமிருந்து எதை அள்ளிக்கொண்டு போனாலும் சட்டத்தின் ஆட்சி என்ற ஒன்றைக் கொடுத்துவிட்டுப் போனான், அந்தக் கொடையின் சிகரம் ஸ்டீபன் என்பதுதான் படித்தவர்கள் நடுவே நிலைத்துவிட்ட கருத்து.

மதுரையில் இருந்துகொண்டு இதை ஒப்புக்கொள்ள முடியாது. ஸ்டீபன் இந்த ஊர்ப் பக்கம் வந்தவர் அல்ல. ஆனால் அவர் சட்டப் பொறுப்பில் இருந்தபோது பிறந்த இன்னொரு சட்டம் நாற்பது ஆண்டுகள் கழித்து இங்கே வந்து சேர்ந்தது. கீழக்குயில்குடியிலும் உசிலம்பட்டிச் சீமையிலும் அது செய்த வேலையைக் கணக்கில் சேர்க்காமல் அவருக்குச் சூட்டும் மாலை எதையும் நாம் ஏற்கக் கூடாது. அந்தக் கணக்கைச் சேர்த்துப் பார்த்தால், அவர் நமக்குக் கொடுத்ததாகச் சொல்லப்படும் சட்டத்தின் ஆட்சி அவரிடமே இருக்கவில்லை என்பது விளங்கும்.

முதலில் மனிதரைப் பார்ப்போம். 1829 மார்ச் 3-ஆம் தேதி லண்டன் கென்சிங்டனில் பிறந்தார். தாத்தா ஜேம்ஸ் ஸ்டீபன் வழக்கறிஞர், நாடாளுமன்ற உறுப்பினர், அடிமை வணிகத்தை ஒழிக்கப் பாடுபட்ட வில்பர்ஃபோர்ஸின் மைத்துனர். தந்தை சர் ஜேம்ஸ் ஸ்டீபன் குடியேற்ற நாடுகள் அமைச்சகத்தின் உயர் அதிகாரி, 1833-ஆம் ஆண்டின் அடிமை ஒழிப்புச் சட்டத்தை வரைந்தவர். தம்பி லெஸ்லி ஸ்டீபன் பெயர்பெற்ற அறிஞர். எழுத்தாளர் வர்ஜீனியா வுல்ஃபுக்கு ஃபிட்ஸ்ஜேம்ஸ் பெரியப்பா. ஈட்டன், கேம்பிரிட்ஜ் என்று படித்து 1854-ல் இன்னர் டெம்பிளில் பாரிஸ்டர் ஆனார். 1869 இறுதியில் வைஸ்ராயின் சட்ட உறுப்பினராகக் கல்கத்தாவுக்கு வந்தார். 1872-ல் ஊர் திரும்பி, மறு ஆண்டு டண்டீ தொகுதியில் லிபரல் வேட்பாளராக நின்று தோற்றார். 1879-ல் உயர்நீதிமன்ற நீதிபதி. 1891-ல் பதவி விலகியபோது பாரனெட் பட்டம். 1894-ல் மறைந்தார்.

இந்தியாவில் இருந்தது இரண்டரை ஆண்டுகள்கூட நிரம்பாத காலம். அதற்குள் ஒப்பந்தச் சட்டம், குற்றவியல் நடைமுறைத் தொகுப்பு, சாட்சியச் சட்டம் ஆகியவை நிறைவேறின. அவருடைய உழைப்பு அசுர உழைப்புத்தான். அதில் எனக்குச் சண்டையில்லை. ஆனால் அதே பதவிக்காலத்தில், அதே அவையில், 1871 அக்டோபர் 12-ஆம் தேதி இன்னொரு சட்டமும் நிறைவேறியது: குற்றப் பரம்பரைச் சட்டம், 1871-ஆம் ஆண்டின் 27-ஆவது சட்டம். சட்ட உறுப்பினரான அவர் அதைத் தடுக்கவில்லை, ஆதரித்தார். சாட்சியச் சட்டம் வந்தது 1872 மார்ச் 15-ல். இரண்டுக்கும் நடுவே ஐந்து மாத இடைவெளி. ஸ்டீபனைப் பற்றிய புகழுரைகளில் இரண்டாவது சட்டம் மட்டும் இருக்கும், முதல் சட்டம் இருக்காது. இரண்டையும் ஒரே மேசையில் விரித்துவைத்துப் படிக்க வேண்டும்.

சாட்சியச் சட்டத்தின் 101-ஆவது பிரிவு, ஒருவன் குற்றம் செய்தான் என்று யார் சொல்கிறாரோ அவரே அதை நிரூபிக்க வேண்டும் என்கிறது. 25-ஆவது பிரிவு, போலீஸ் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றம்சாட்டப்பட்டவனுக்கு எதிராக நிரூபிக்க முடியாது என்கிறது. 54-ஆவது பிரிவு இன்னும் நுட்பமானது. ஒருவன் கெட்ட நடத்தை உள்ளவன் என்பது அவன் மீதுள்ள குற்றவழக்கில் சம்பந்தமற்ற விஷயம். தன் நல்ல நடத்தையை அவனே சாட்சியாகக் கொண்டுவந்தால் ஒழிய அதைப் பேசக் கூடாது. ஊரே திருடன் என்று சொன்னாலும் இந்தத் திருட்டை இவன் செய்தானா என்பதுதான் கேள்வி. நாகரிகமான சட்டம், சந்தேகமில்லை.

இப்போது குற்றப் பரம்பரைச் சட்டம். ஒரு பழங்குடியோ கூட்டமோ வகுப்போ ஜாமீனில் விட முடியாத குற்றங்களை வழக்கமாகச் செய்துவருகிறது என்று மாகாண அரசு நம்பக் காரணமிருந்தால், கவர்னர் ஜெனரலின் அனுமதி பெற்று அதைக் குற்றப் பரம்பரை என்று அறிவிக்கலாம். அறிவித்தபின் அதில் பிறந்தவர்களின் பெயரைப் பதிவேட்டில் ஏற்றலாம், அவர்கள் எங்கே இருக்க வேண்டும், எங்கே போகக் கூடாது என்று கட்டுப்படுத்தலாம். அந்த அறிவிப்பு செல்லுமா செல்லாதா என்று எந்த நீதிமன்றமும் கேட்கக் கூடாது. அறிவிப்பே முடிவான சான்று. முடிவான சான்று என்றால் என்ன பொருள் என்பதைச் சாட்சியச் சட்டத்தின் 4-ஆவது பிரிவே சொல்கிறது: அதைப் பொய்யாக்குவதற்கு எந்தச் சாட்சியத்தையும் நீதிமன்றம் அனுமதிக்காது. ஆக, தனிமனிதனின் வழக்கில் கெட்ட நடத்தையைப் பேசவே கூடாது என்று விதித்த அதே அரசு, ஒரு குலத்தின் கெட்ட பெயரை மறுக்கவே முடியாத சான்றாக்கியது. குற்றம் வேண்டாம், சாட்சி வேண்டாம், விசாரணை வேண்டாம். ஒருவன் யாருக்குப் பிறந்தான் என்பது போதும்.

ஸ்டீபனுக்காக வாதாடுகிறவர்கள் சொல்வது என்ன? முதல் வாதம்: அந்தச் சட்டம் வடநாட்டுக்கானது, சென்னை மாகாணத்தில் அது கால்வைக்கும் முன்பே அவர் இறந்துவிட்டார். உண்மைதான். 1871-ஆம் ஆண்டுச் சட்டம் பஞ்சாபுக்கும் இன்றைய உத்தரப் பிரதேசப் பகுதிகளுக்கும் போடப்பட்டது. 1911-ல்தான் பிரிட்டிஷ் இந்தியா முழுமைக்குமாகத் திருத்தி எழுதப்பட்டது. 1914-ல் கீழக்குயில்குடிக் கள்ளர்கள் மீது பாய்ந்தது. 1918-க்குள் பிரமலைக் கள்ளர் சமூகம் முழுவதையும் வளைத்துக்கொண்டது. ஆனால் 1911-ஆம் ஆண்டுச் சட்டத்தின் முதுகெலும்பு 1871-ல் உருவானது. 'நம்பக் காரணமிருந்தால்' என்ற அந்தச் சூத்திரம், பதிவேடு, நீதிமன்றத்தின் கதவைச் சாத்தும் பிரிவு என எல்லாம் அங்கிருந்து வந்தவை. கவர்னர் ஜெனரலின் அனுமதி என்ற ஒரே தடையையும் எடுத்துவிட்டு மாகாண அரசே அறிவிக்கலாம் என்றார்கள், அவ்வளவுதான். அணையின் மதகைத் திறந்தவன், வெள்ளம் கீழே எந்த ஊரை அடித்ததென்று எனக்குத் தெரியாது என்று சொல்ல முடியாது.

அந்த வெள்ளம் இங்கே என்ன செய்தது என்பதைச் சமணர் மலை அடிவாரத்தில் இருக்கும் கீழக்குயில்குடியிலோ உசிலம்பட்டிப் பக்கத்து ஊர்களிலோ உள்ள பெரியவர்களிடம் கேட்டால் தெரியும். சட்டத்தின் பெயரை அவர்கள் சொல்வதில்லை. 'ரேகைச் சட்டம்' என்பார்கள். வயதுவந்த ஆண் ஒவ்வொருவனும் பத்து விரலையும் மையில் தோய்த்துப் பதிய வேண்டும். இரவானால் காவல் நிலையத்திலோ சாவடியிலோ போய் ஆஜர் சொல்ல வேண்டும், பல ஊர்களில் அங்கேயே படுக்கவும் வேண்டும். பக்கத்து ஊருக்குப் பெண் பார்க்கவோ சாவுக்கோ போவதென்றால் ராதாரிச் சீட்டு வாங்கி, போய்ச் சேர்ந்த ஊரில் அதைக் காட்ட வேண்டும். கல்யாணத்தன்று இரவு மாப்பிள்ளையும் கச்சேரித் திண்ணையில்தான் படுத்தான் என்ற கதை இந்தச் சீமையில் வீட்டுக்கு வீடு உண்டு. தோட்டத்துக்கு இரவில் தண்ணீர் பாய்ச்சும் முறை வந்தால் என்ன செய்வான்? கமலை இறைக்கும் விவசாயியின் வேலை விடிவதற்கு முன்பே தொடங்கிவிடும். ராத்திரி முழுக்கக் காவல் நிலையத்தில் கிடந்தவன் எந்த உடம்போடு காலையில் ஏர் பிடிப்பான்? உழுது பிழைக்கச் சொன்ன அரசே உழுகிறவனின் இரவைப் பிடுங்கிக்கொண்டது. ஆஜர் சொல்லத் தவறினால் அதுவே தண்டனைக்குரிய குற்றம். குற்றம் செய்யாதவனையும் குற்றவாளியாக்கும் வழி சட்டத்துக்குள்ளேயே இருந்தது.

இரண்டாவது வாதம் இதைவிடக் கடினமானது, அதை ஓரமாகத் தள்ளிவிட்டுப் போக நான் விரும்பவில்லை. திருட்டு நடந்தது உண்மையில்லையா என்று கேட்கிறார்கள். நடந்தது. காவல் கூலி வாங்கி ஊர்களைக் காத்த முறையில் மிரட்டலும் இருந்தது. களவுபோன மாட்டைத் துப்புக்கூலி கொடுத்து மீட்ட கதைகளும் உண்டு. 1890-களில் திண்டுக்கல் பக்கத்துக் குடியானவர்கள் கூடிப் பண்டு போட்டுக் கள்ளர் காவலை எதிர்த்துக் கிளம்பியதும் வரலாறு. அவர்களுக்கும் நியாயமான குறை இருந்தது. ஆனால் திருடியவனைத் தண்டிக்க 1860-லேயே இந்தியத் தண்டனைச் சட்டம் வந்துவிட்டது. திருட்டை வழக்கமாகக் கொண்ட தனிமனிதனிடம் நன்னடத்தைப் பிணை கேட்கக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் வழி இருந்தது. அதற்கு ஆளை அழைத்து, சொல்வதைச் சொல்லவிட்டு, சாட்சியைக் கேட்டு, பிறகு உத்தரவு போட வேண்டும். அந்தச் சிரமத்தை மிச்சப்படுத்தத்தான் இந்தச் சட்டம் தேவைப்பட்டது. சாட்சி கிடைத்த இடத்தில் பழைய சட்டங்களே போதும். சாட்சி இல்லாத இடத்துக்காகத்தான் புதிய சட்டம். திருடாதவனின் மகனும், நிலம் வைத்து உழுதவனும், பிறக்கும்போதே பெயர் எழுதப்பட்டவனும் இதில் மாட்டினார்கள் என்பது தற்செயல் அல்ல. அவர்களை மாட்டவைப்பதே அதன் வேலை.

மூன்றாவது வாதம், அந்தக் காலமே அப்படி, அன்றைய கண்ணோடு பார்க்க வேண்டும் என்பது. சரி, அன்றைய கண்ணோடே பார்ப்போம். இங்கிலாந்தில் அதே 1871-ல் குற்றத் தடுப்புச் சட்டம் ஒன்று வந்தது. அதிலும் போலீஸ் கண்காணிப்பு உண்டு, ஆஜராகும் கட்டாயம் உண்டு. ஆனால் யாருக்கு? நீதிமன்றத்தில் குற்றம் நிரூபணமாகித் தண்டனை பெற்றவர்களுக்கு. லண்டனின் எந்தத் தெருவில் பிறந்தான், எந்த வம்சத்தில் பிறந்தான் என்பதற்காக ஓர் ஆங்கிலேயனின் பெயர் பதிவேட்டில் ஏறவில்லை. இந்தியாவிலும் இந்த யோசனைக்கு எதிர்ப்பு வந்தது. பஞ்சாபில் சில சமூகங்களை இப்படிக் கட்டிவைத்துக் கண்காணித்த நடைமுறையை, சட்டத்தில் இடமில்லாதது என்று அங்கிருந்த தலைமை நீதிமன்றமே 1860-களில் தள்ளியது. அதற்குப் பிறகுதான் அதிகாரிகள் சட்டம் கேட்டார்கள். நீதிமன்றம் தவறு என்றதைச் சரியாக்குவதற்காகச் சட்டம் இயற்றப்பட்டது, இனி நீதிமன்றம் கேட்கவே முடியாதபடி ஒரு பிரிவும் சேர்க்கப்பட்டது. காலத்தின் மீது பழிபோட இங்கே இடமில்லை. தவறென்று எடுத்துச் சொன்ன நீதிபதிகள் அதே காலத்தில் இருந்தார்கள்.

நான்காவது வாதம் பெருந்தன்மையானது: பெரிய மனிதரின் சிறிய சறுக்கல் என்று விட்டுவிடலாமே. சறுக்கல் என்றால் விட்டுவிடலாம். ஆனால் இது அவருடைய கொள்கை. ஊர் திரும்பியதும் 1873-ல் அவர் வெளியிட்ட சுதந்திரம், சமத்துவம், சகோதரத்துவம் பற்றிய நூல், ஜான் ஸ்டூவர்ட் மில்லின் சுதந்திரக் கோட்பாட்டுக்கு எதிராக எழுதப்பட்டது. அடக்குமுறை இல்லாமல் சமூகம் நிற்காது என்ற அவருடைய நம்பிக்கைக்கு இந்திய அனுபவமே உரமிட்டது. 1883-ல் இல்பர்ட் மசோதா வந்தபோது, இந்திய நீதிபதிகள் ஐரோப்பியரை விசாரிக்கலாமா என்ற கேள்வி எழுந்தது. ஸ்டீபன் டைம்ஸ் இதழுக்கு எழுதிய கடிதத்தில் தம் நிலையை ஒளிவுமறைவில்லாமல் சொன்னார்: இந்தியாவில் இருப்பது மக்களின் சம்மதத்தில் நிற்கும் அரசு அல்ல, வெற்றிகொண்டு பிடித்த அரசு, வென்ற இனம் தன் உயர்வைச் சொல்லத் தயங்கக் கூடாது. ஓர் ஐரோப்பியனை ஓர் இந்திய நீதிபதி விசாரிப்பதே தகாது என்றவருக்கு, ஓர் இந்தியச் சமூகத்தை எந்த நீதிபதியும் விசாரிக்காமலே குற்றவாளியாக்குவது தகும். இரண்டும் ஒரே மனத்திலிருந்து வந்தவை. அந்த மனத்துக்குச் சட்டம் என்பது ஆளுகிறவனைக் கட்டும் கயிறு அல்ல, ஆளப்படுகிறவனை ஒழுங்காக வைத்திருக்கும் கருவி. சாட்சியச் சட்டமும் குற்றப் பரம்பரைச் சட்டமும் அந்தக் கருவியின் இரு முனைகள்.

அவருடைய கடைசிக் காலத்து வழக்கு ஒன்றும் இதைக் காட்டுகிறது. 1889-ல் லிவர்பூலில் கணவனுக்கு நஞ்சு வைத்ததாக ஃபுளோரன்ஸ் மேபிரிக் என்ற பெண் மீது வழக்கு. ஜூரிக்கு ஸ்டீபன் அளித்த நீண்ட தொகுப்புரை, அவளுடைய தகாத உறவை அழுத்திப் பேசியது என்று கண்டனம் எழுந்தது. தூக்குத் தண்டனை விதிக்கப்பட்டதும் இங்கிலாந்து கொந்தளித்தது. சில வாரங்களிலேயே அது ஆயுள் தண்டனையாகக் குறைக்கப்பட்டது. ஒரு பெண்ணின் நடத்தையை வைத்து அவளுடைய குற்றத்தை எடைபோட்டார் என்பதற்காக அந்த நாட்டுப் பத்திரிகைகள் அவரைப் பிய்த்தெடுத்தன. குலத்தின் பெயரை வைத்து ஆயிரக்கணக்கானவர்களின் குற்றத்தை முடிவுசெய்த சட்டத்துக்காக அவரை இன்றுவரை நாம்கூட ஒரு கேள்வி கேட்டதில்லை.

இந்தச் சட்டத்தின் உச்சம் 1920 ஏப்ரல் 3. பெருங்காமநல்லூரில் ரேகை வைக்க மாட்டோம் என்று ஊரே நின்றது. போலீஸ் சுட்டது. 16 பேர் செத்தார்கள். மாயக்காள் என்ற பெண் அவர்களில் ஒருவர்; அடிபட்டுக் கிடந்தவர்களுக்குத் தண்ணீர் கொடுக்கப் போனவர் என்று அந்த ஊர் அவரை நினைவில் வைத்திருக்கிறது. அந்த மக்கள் ஆயுதம் தாங்கி அரசைக் கவிழ்க்கக் கிளம்பவில்லை. நாங்கள் என்ன குற்றம் செய்தோம் என்று கேட்டார்கள். சாட்சியச் சட்டத்தின் 101-ஆவது பிரிவு கேட்கச் சொன்ன அதே கேள்வி.

ஐந்தாவதாக ஒரு வாதம் மதுரையிலேயே கேட்கிறது. வெள்ளைக்காரன் சட்டத்தைப் படித்த பாரிஸ்டர்தானே வெள்ளைக்காரன் சட்டத்தை எதிர்த்து வாதாடினார், ஆகவே அந்த நீதிமுறைக்கே பெருமை என்கிறார்கள். அவர்கள் நினைப்பது ஜார்ஜ் ஜோசப்பை. திருவிதாங்கூரில் செங்கன்னூரில் 1887-ல் பிறந்து, எடின்பரோவில் தத்துவம் படித்து, மிடில் டெம்பிளில் பாரிஸ்டராகி, 1909-ல் நாடு திரும்பி, மதுரையைத் தம் ஊராக ஆக்கிக்கொண்டவர். ஹார்வி மில் தொழிலாளர்களுக்குச் சங்கம் கட்டத் துணைநின்றவர். ஒத்துழையாமை இயக்கத்துக்காகத் தொழிலை விட்டுச் சிறைபோனவர். வைக்கத்தில் 1924-ல் கைதானவர். கோட்டில் ரோஜாப்பூ வைத்திருப்பாராம். கள்ளநாட்டு மக்கள் 'ரோசாப்பூ துரை' என்று அழைத்தார்கள், பிள்ளைகளுக்கு ரோசாப்பூ என்றே பெயர் வைத்தார்கள். குற்றப் பரம்பரைச் சட்டத்தைக் கண்டித்து எழுதியவர், அதில் சிக்கியவர்களுக்காக நீதிமன்றம் ஏறியவர்.

ஆனால் அவர் வாதாட முடிந்தது எதை? ஆஜர் தவறிய வழக்கை வாதாடலாம், போலீஸ் பொய் சொன்னதைக் காட்டலாம். இந்தச் சமூகத்தைக் குற்றப் பரம்பரை என்றது தவறு என்ற ஒற்றை வரியை மட்டும் எந்த நீதிபதி முன்னும் வாதாட முடியாது. அந்தக் கதவை 1871-லேயே சாத்திவிட்டார்கள். நல்ல பாரிஸ்டர் ஒருவர் கிடைத்தும் அடிப்படைக் கேள்வி நீதிமன்றத்துக்குள் நுழைய முடியாமல் நின்றது என்றால், அது அந்த நீதிமுறைக்குப் பெருமையா? சட்டம் போனது தீர்ப்பால் அல்ல. பெருங்காமநல்லூரின் சாவுகளாலும், ஜோசப் போன்றவர்களின் எழுத்தாலும், முத்துராமலிங்கத் தேவர், பி. ராமமூர்த்தி முதலியோர் முன்னின்ற கிளர்ச்சிகளாலும் போனது. சென்னை மாகாணத்தில் 1947-லும் நாடு முழுவதும் 1952-லும் அது ஒழிக்கப்பட்டது. ஜோசப் அதைப் பார்க்கவில்லை. 1938 மார்ச்சில் மதுரை மிஷன் மருத்துவமனையில் இறந்துவிட்டார்.

கள்ளர் பிள்ளைகளுக்கென அரசு தொடங்கிய கள்ளர் சீரமைப்புப் பள்ளிகளைக் காட்டி, அந்தச் சட்டத்தால் நன்மையும் விளைந்ததே என்பார்கள். அந்தப் பள்ளிகளில் படித்து மேலே வந்தவர்கள் ஆயிரமாயிரம் பேர். அந்தப் பள்ளிகள் இன்னும் நன்றாக நடக்க வேண்டும் என்று கேட்கிறவன் நான். ஆனால் பிள்ளைக்குப் பள்ளிக்கூடம் கொடுக்க அப்பனின் கைரேகை எதற்கு? பெருங்காமநல்லூரில் மக்கள் எதிர்த்து நின்ற பிறகுதான் சீரமைப்பு வேலை வேகம் பிடித்தது. அந்த நன்றியை யாருக்காவது சொல்ல வேண்டுமானால், செத்த 16 பேருக்குச் சொல்ல வேண்டும்.

இதெல்லாம் முடிந்துபோன கதை என்று சொல்லிவிட முடியாது. ஒருகாலத்தில் குற்றப் பரம்பரை எனப்பட்டவர்களுக்கான சீர்மரபினர் பட்டியலில் தமிழ்நாட்டில் 68 சமூகங்கள் இருக்கின்றன. ஒரு திருட்டு நடந்தால் முதலில் எந்தத் தெருவுக்குள் போலீஸ் ஜீப் நுழைகிறது என்பதை அந்தத் தெருக்காரர்களைக் கேட்டால் சொல்வார்கள். சட்டப் புத்தகத்திலிருந்து போன நம்பிக்கை, காவல் நிலையத்தின் பழக்கத்திலிருந்து இன்னும் போகவில்லை. அப்படியிருக்க, அந்த நம்பிக்கையைச் சட்டமாக்கிய காலத்தின் தலைமைச் சட்டக்காரரை நீதியின் சின்னமாகப் பிள்ளைகளுக்குக் காட்டுவது தவறான பாடம்.

ஸ்டீபனைப் பாடத்திலிருந்து எடுத்துவிடச் சொல்லவில்லை. முழுதாகச் சொல்லிக்கொடுங்கள் என்கிறேன். சாட்சியச் சட்டத்தை நடத்தும் வகுப்பில், அதற்கு ஐந்து மாதம் முன்னால் வந்த சட்டத்தையும் நடத்த வேண்டும். 54-ஆவது பிரிவைப் படிக்கும் மாணவர், குலத்தின் பெயரையே முடிவான சான்றாக்கிய பிரிவையும் அதே நாளில் படிக்க வேண்டும். உயர்நீதிமன்றத்தின் கிளை இருக்கும் இந்த ஊரின் சட்ட மாணவர்களை ஆண்டுக்கொரு முறை பெருங்காமநல்லூருக்கு அழைத்துப் போக வேண்டும். சட்டத்தின் ஆட்சி என்றால் அரசு சொல்வதையும் நிரூபிக்கச் சொல்லிக் கேட்கும் உரிமை. அதை இந்த மண்ணில் கேட்டவர்கள் ரேகை வைக்க மறுத்த குடியானவர்கள். நம் சட்டக் கல்வி தன் முன்னோர் பட்டியலில் அவர்களை முதலில் எழுதட்டும்.